நான்கு வரிக் கேடயம்

சென்னை உயர் நீதிமன்றத்தின் குற்றவியல் பிரிவில் ஏறத்தாழ ஒரே வாசகத்தோடு திரும்பத் திரும்ப வெளிவரும் உத்தரவு ஒன்று உண்டு. அதைக் கேட்டுப் போடும் மனுவை வழக்கறிஞர்கள் 'நாட் டு ஹராஸ்' என்பார்கள். விசாரணை என்ற பெயரில் போலீஸ் என்னை அலைக்கழிக்கிறது, தடுத்து உதவுங்கள் என்பதே கோரிக்கை. உத்தரவின் சாரம் நான்கு வரி. ஒருவரை அழைப்பதென்றால் நாளும் நேரமும் குறித்து எழுத்தில் அழைப்பாணை தர வேண்டும். விசாரணையில் நடந்ததை நிலைய நாட்குறிப்பில் பதிய வேண்டும். அழைக்கப்பட்டவரைத் துன்புறுத்தக் கூடாது. வழக்குப் பதிவதா, முதற்கட்ட விசாரணையோடு நிறுத்துவதா என்பதில் உச்ச நீதிமன்றம் 2013-ல் லலிதா குமாரி வழக்கில் வகுத்த நெறிகளைப் பின்பற்ற வேண்டும்.

நிலத் தகராறில் சிக்கி, காவல் நிலையத்திலிருந்து போன் வந்து, தூக்கம் போனவர்களுக்குக் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கும் பாதுகாப்பு இதுதான். இது எவ்வளவு தாங்குகிறது, எங்கே ஓட்டை விழுகிறது என்று பார்க்கத் திருவள்ளூர் மாவட்டத்தை விட, குறிப்பாகக் கும்மிடிப்பூண்டியைச் சுற்றிய ஊர்களை விடப் பொருத்தமான இடம் குறைவு.

அங்கே நிலத்தின் கதை அப்படி. ஏரிப் பாசனத்தில் நெல்லும் மேட்டில் சவுக்கும் விளைந்த ஊர்கள். சிப்காட் வளாகம் வந்தது, இரும்பு உருக்காலைகள் வந்தன. பிறகு தேர்வாய் கண்டிகையில் இன்னொரு சிப்காட். கல்கத்தா நெடுஞ்சாலை அகலமானது. தெற்கே எண்ணூர், காட்டுப்பள்ளித் துறைமுகங்கள். வடக்கே ஆந்திர எல்லையைத் தாண்டியதும் ஸ்ரீசிட்டி. இவ்வளவுக்கும் நடுவில், குடோன் கட்டத் தோதான ஒரு ஏக்கர் என்பது பரம்பரைச் சொத்தாக இருந்து ஒரே தலைமுறையில் கோடிக் கணக்காக மாறிவிட்டது. ஆனால் அந்த ஏக்கருக்கான காகிதம் அந்த வேகத்தில் மாறவில்லை. மூலப் பத்திரத்தில் செங்கல்பட்டு மாவட்டம் என்றிருக்கும்; அடுத்ததில் செங்கை எம்.ஜி.ஆர். மாவட்டம், 1997-க்குப் பிறகான பத்திரத்தில் திருவள்ளூர். தாத்தா பேரில் கூட்டுப் பட்டா, வாய்மொழிப் பாகப்பிரிவினை. 1979-லிருந்து 1987 வரை நடந்த யு.டி.ஆர். பதிவுப் பணியில் பக்கத்துக்காரர் பெயர் ஏறிய சர்வே எண்கள் இன்னும் திருத்தப்படாமல் கிடக்கின்றன. சென்னைக்காரர்கள் என்றைக்கோ வாங்கிப் போட்டு, கருவேலம் மண்டிய மனைகள் வேறு பெயரில் மறுபடி மனையாகின்றன. எல்லைக்கு அந்தப் பக்கம் வாழும் பங்காளியிடம் பவர் வாங்கி வருகிறவர்களும் உண்டு.

இப்படி ஒன்றை எண்ணிப் பார்ப்போம். கணவர் இறந்து, அவர் பங்கான எண்பது சென்ட்டில் கீற்றுக் கொட்டகை போட்டு மாடு கட்டி இருக்கிறார் 63 வயது அம்மா ஒருவர். கொழுந்தன் மகன் மொத்த நிலத்துக்கும் பவர் எழுதிக் கொடுத்துவிட்டான். பவர் வாங்கியவர் குடோன் கட்டுகிறவருக்குக் கிரயம் செய்துவிட்டார். வாங்கியவர் கல் நட வந்தபோது அம்மா கல்லைப் பிடுங்கிப் போட்டார். வாங்கியவர் நேராகப் போன இடம் பொன்னேரி நீதிமன்றம் அல்ல, காவல் நிலையம். கல்லைப் பிடுங்கினார், மிரட்டினார் என்று ஒரு மனு. மறுநாள் அம்மாவின் மகனுக்குப் போன்: "ஸ்டேஷன்ல இருந்து பேசுறோம். அம்மாவைக் கூட்டிக்கிட்டு, பத்திரம் பட்டா எல்லாத்தையும் எடுத்துக்கிட்டு சாயந்தரம் வந்துருங்க."

போகிறார்கள். காத்திருக்கிறார்கள். ஐயா பந்தோபஸ்துக்குப் போயிருக்கிறார், நாளைக்கு வாங்க. மறுநாளும் போகிறார்கள். மூன்றாம் முறை எஸ்.ஐ. இரு தரப்பையும் உட்கார வைத்து, கடுமையில்லாத குரலிலேயே சொல்கிறார்: "பேசி முடிச்சுக்கோங்கம்மா. கோர்ட்டுக்குப் போனா உங்க பேரன் காலத்துலதான் தீர்ப்பு வரும்." ரைட்டர் ஒரு வெள்ளைத் தாளை நீட்டுகிறார். நாங்களாகவே சமாதானமாகப் போகிறோம், இனி அந்த இடத்தில் பிரச்சினை செய்ய மாட்டோம் என்று எழுதிக் கையெழுத்து. அதன் நகல் அம்மாவுக்குக் கிடைப்பதில்லை.

அடி இல்லை, திட்டு இல்லை. ஆனாலும் ஒரு சிவில் நீதிமன்றம் சாட்சிகளைக் கூண்டில் ஏற்றி, பத்திரங்களை ஒப்பிட்டு, ஆண்டுக் கணக்கில் ஆராய்ந்து சொல்ல வேண்டியதை மூன்று மாலைகளில் ஒரு அறை முடித்துவிட்டது. இதற்கு ஊரில் பெயர் கட்டப் பஞ்சாயத்து. சட்டத்தில் இதற்குப் பெயரே இல்லை.

சட்டம் சொல்வது தெளிவு. சொத்து யாருடையது என்று தீர்மானிக்கும் அதிகாரம் போலீசுக்குக் கிடையாது. நிலைபெற்ற அனுபவத்தில் இருப்பவரை, அவருக்கு உரிமைப் பத்திரமே இல்லாவிட்டாலும், சட்ட வழியில் அல்லாமல் அகற்றக் கூடாது என்பதை உச்ச நீதிமன்றம் 2003-ல் ராமே கவுடா வழக்கில் மீண்டும் உறுதி செய்தது. நிலம், வீடு போன்ற அசையாச் சொத்தைக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 102-ஆம் பிரிவின் கீழ் போலீஸ் கைப்பற்ற முடியாது என்று 2019-ல் நெவாடா பிராப்பர்டீஸ் வழக்கில் சொன்னது. சிவில் தகராறைக் கிரிமினல் வழக்காக மாற்றும் போக்கு வளர்வதை 2006-லேயே இந்தியன் ஆயில் வழக்கில் கண்டித்தது. 2025 ஏப்ரலில், முறிந்துபோன ஒரு சொத்து விற்பனைப் பேச்சிலிருந்து உத்தரப் பிரதேசப் போலீஸ் உருவாக்கிய கிரிமினல் வழக்கை ரத்து செய்து, அந்த மாநில அரசுக்கு 50,000 ரூபாய் செலவுத் தொகையும் விதித்தது. நெறிக்குப் பஞ்சமில்லை. டெல்லியில் உள்ள நெறி கவரைப்பேட்டையிலோ ஆரம்பாக்கத்திலோ உள்ள நிலையத்தின் மேசைக்கு எப்படி வந்து சேரும் என்பதுதான் கேள்வி. அந்தப் பயணத்துக்கான வண்டியாகத்தான் நான்கு வரி உத்தரவு பயன்படுகிறது.

அதன் பலத்தை முதலில் மனமாரச் சொல்ல வேண்டும். வேகம் பெரிய பலம். சிவில் வழக்கு முதல் கட்டத்தைத் தாண்டுவதற்குள் இந்த மனு போடப்பட்டு, அரசுத் தரப்பு வழக்கறிஞர் "மனு விசாரணை மட்டுமே நடக்கிறது" என்று சொல்ல, உத்தரவும் வந்துவிடும். பெரும்பாலும் ஓரிரு விசாரணை நாளிலேயே. அடுத்த பலம், கையில் ஒரு காகிதம் இருப்பது. இதைச் சிறிதாக நினைப்பவர்கள் காவல் நிலையத்துக்கு வாதியாகவோ எதிர்மனுதாரராகவோ போகாதவர்கள். கும்மிடிப்பூண்டியில் ரயிலேறி உயர் நீதிமன்றம் வந்து, உத்தரவு நகலோடு மறுநாள் நிலையத்துக்குப் போகிறவரிடம் பேசும் தொனியே வேறாக இருக்கும். 'வா' என்றவர் 'வாங்க' என்பார். போனில் கூப்பிட்டவர் தாளில் எழுதித் தரலாமா என்று யோசிப்பார். அதிகாரம் தன்னை எழுத்தில் பதிய வேண்டியிருக்கும்போது பாதி அடங்கிவிடும். உத்தரவை வகுத்தவர்கள் இதை நன்றாக உணர்ந்திருக்கிறார்கள்.

ஆனால் முதல் வரியிலேயே ஒரு முடிச்சு இருக்கிறது. எழுத்தில் அழைப்பாணை தர அந்த வரி சுட்டும் பிரிவு பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 160. 2024 ஜூலை முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 179. அந்தப் பிரிவு புலன் விசாரணை நடத்தும் அதிகாரிக்குத் தரப்பட்ட அதிகாரம். புலன் விசாரணை தொடங்குவது முதல் தகவல் அறிக்கை பதிந்த பிறகு. நம் அம்மாவின் விஷயத்தில் முதல் தகவல் அறிக்கையே இல்லை. இருப்பது ஒரு மனு, அதைப் பெற்றுக்கொண்டதற்கு ஒரு சி.எஸ்.ஆர். ரசீது, அதுவும் சில சமயம்தான். இல்லாத புலன் விசாரணைக்கு அந்தப் பிரிவின் கீழ் அழைப்பாணை கொடு என்று சொல்வது, சட்டத்தில் இடமில்லாத மனு விசாரணைக்கு ஒரு சட்டப் பிரிவைச் சட்டையாகப் போர்த்திவிடுகிறது. எழுத்தில் கூப்பிட்டால் கூப்பிடலாம் என்று நிலையம் அதைப் புரிந்துகொள்கிறது. கூப்பிடவே அதிகாரம் உண்டா என்ற மூலக் கேள்வி அங்கேயே அமுங்கிப்போகிறது.

இதே வரியில் ஒரு நன்மையும் ஒளிந்திருப்பதை நான் மறைக்க விரும்பவில்லை. அந்தப் பிரிவின் காப்புரை பெண்களையும், பதினைந்து வயதுக்குக் குறைந்தவர்களையும், அறுபது வயதைக் கடந்தவர்களையும், மாற்றுத்திறனாளிகளையும், கடும் நோயுற்றவர்களையும் அவர்கள் வசிக்கும் இடத்தைத் தவிர வேறெங்கும் வரச்சொல்லக் கூடாது என்கிறது. பழைய சட்டத்தில் வயது வரம்பு அறுபத்தைந்து. புதிய சட்டம் அறுபதாகக் குறைத்திருக்கிறது. நிலம் பெரும்பாலும் வயதானவர்கள் பேரில்தான் இருக்கிறது. கணவரை இழந்த பெண்கள் பேரில் இருக்கிறது. ஆக, நம் அம்மாவை இரண்டு காரணங்களால் நிலையத்துக்கு அழைக்க முடியாது. அதிகாரிதான் மாட்டுக் கொட்டகைக்கு வந்து கேட்க வேண்டும். வாய்மொழியாகப் போனில் அழைக்கும்போது இந்தக் காப்புரை காற்றில் போகிறது. எழுத்தில், அந்தப் பிரிவின் பெயரைச் சொல்லி அழைக்கும்போது அதுவும் கூடவே வந்து நிற்கிறது. ஆனால் இதை உத்தரவு தன் வாயால் சொல்வதில்லை. அறிந்த வழக்கறிஞர் இருந்தால் பயன், இல்லையேல் இல்லை.

இரண்டாம் வரிதான் என் கணிப்பில் உத்தரவின் உயிர்நாடி. அதுவே அதிகம் கைவிடப்பட்டதும். நடந்ததை நாட்குறிப்பில் பதி என்கிறது. எப்போது வந்தார், எப்போது போனார், என்ன கேட்டார்கள், என்ன எழுதி வாங்கினார்கள் என்பதெல்லாம் பதிவானால் மூன்று மாலைப் பஞ்சாயத்து நடக்கவே முடியாது. ஆனால் அந்த நாட்குறிப்பு யாருடைய அலமாரியில் இருக்கிறது? எவர் மீது புகாரோ அவர் அலமாரியில். பதிவு செய்தார்களா என்று பார்க்க வேண்டிய கடமை எவருக்கும் தரப்படவில்லை. அம்மா தரப்புக்கு நகல் உரிமை சொல்லப்படவில்லை. காவல் நிலையங்களில் இன்ஸ்பெக்டர் அறை உட்பட எல்லா இடத்திலும் கண்காணிப்புக் கேமரா வேண்டும், பதிவுகளை மாதக் கணக்கில் பாதுகாக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2020 டிசம்பரில் ஆணையிட்டது. அதற்கு ஆறு மாதம் முன்புதான், காவல் மரணங்களால் பேசப்பட்ட சாத்தான்குளம் நிலையத்தில் கேமராப் பதிவுகள் தினமும் தானாக அழியும்படி அமைக்கப்பட்டிருந்தது நீதித்துறை நடுவரின் அறிக்கையால் வெளியே தெரிந்தது. பதிவு இருக்கிறது என்பதும், பதிவு பாதிக்கப்பட்டவர் கைக்கு வரும் என்பதும் முற்றிலும் வேறு வேறு.

மூன்றாம் வரி, துன்புறுத்தக் கூடாது. எதெல்லாம் துன்புறுத்தல்? நான்கு மணி நேரம் மரப் பலகையில் உட்கார வைப்பது? வாங்கியவரை இன்ஸ்பெக்டர் அறைக்குள்ளும் அம்மாவை வெளியிலும் வைப்பது? பாதி உண்மையான அறிவுரையை அதிகார நாற்காலியிலிருந்து சொல்வது? வரையறை இல்லாததால் மீறல் என்று நிரூபிப்பது கடினம். நிரூபித்தாலும் நீதிமன்ற அவமதிப்பு வழக்குக்கு மறுபடி சென்னை. மனித உரிமை ஆணையத்துக்குப் போகலாம். அதன் பரிந்துரை அரசைக் கட்டுப்படுத்தும் என்று உயர் நீதிமன்ற முழு அமர்வு 2021 பிப்ரவரியில் தீர்ப்பளித்த பிறகு அந்த வழிக்குக் கனம் கூடியிருக்கிறது. ஆனால் ஓராண்டுக்குள் போக வேண்டும், அங்கும் கேட்பது அதே கேள்விதான்: ஆதாரம் எங்கே?

இன்னும் ஆழமான குறை, இந்த உத்தரவு அச்சுப் பிரதியாக இருப்பது. தகராறு சிவிலா, குற்றமா என்று அது பார்ப்பதில்லை. மனுதாரர் நிலத்தைப் பறிகொடுக்கப் போகும் அம்மாவாக இருக்கலாம். போலிப் பத்திரம் தயாரித்த ஆசாமியாகவும் இருக்கலாம். இருவருக்கும் அதே நான்கு வரி. இரண்டாமவர் அதை நிலையத்தில் காட்டும்போது, மெய்யாகவே குற்றத்தை விசாரிக்க முனைந்த அதிகாரியின் கையும் தளர்கிறது.

இந்த இடத்தில்தான் போலீஸ் தலையீட்டை மட்டும் திட்டி எழுதும் கட்டுரைகளோடு எனக்கு வேறுபாடு வருகிறது. தலையீடு ஒரு நோய் என்றால், தலையிட மறுப்பது அதன் மறுபக்கம். இரண்டுக்கும் ஒரே சொற்றொடர்தான் பயன்படுகிறது: "இது சிவில் மேட்டர்." குடோன்காரருக்கு இந்த வாசகம் சொல்லப்படுவது அரிது. பஞ்சமி நிலத்தை இழந்த குடும்பத்துக்கும், கொட்டகை பிரித்தெறியப்பட்ட இருளர் குடும்பத்துக்கும் இது சுலபமாகச் சொல்லப்படுகிறது. பழைய செங்கல்பட்டு மாவட்ட ஆட்சியர் ட்ரெமென்ஹீரின் அறிக்கையைத் தொடர்ந்து 1892-ல் ஒடுக்கப்பட்ட மக்களுக்கென ஒதுக்கப்பட்ட பஞ்சமி நிலங்களின் பிறப்பிடமே இந்த வட்டாரம். அம்மக்கள் தவிர மற்றவருக்கு விற்க முடியாத நிபந்தனை அவற்றில் உண்டு. பட்டியல் சாதி, பழங்குடியினரின் நிலத்திலிருந்து அவர்களை அகற்றுவதோ, அதை முறைகேடாக ஆக்கிரமிப்பதோ வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் கீழ் நேரடிக் குற்றம். அங்கே 'சிவில் மேட்டர்' என்று திருப்பி அனுப்புவது சட்டத்தை மீறிய செயல். போலீஸ் ஒதுங்கி நின்றால் சொத்துரிமை காக்கப்பட்டுவிடும் என்பது ஏற்கெனவே வலுவாக இருப்பவருக்கு மட்டுமே உண்மை.

போலீசை முழுமையாக உள்ளே விட்டுப் பார்த்த அனுபவமும் தமிழ்நாட்டுக்கு உண்டு. 2011-ல் ஆட்சி மாறியதும் நில அபகரிப்புத் தடுப்புச் சிறப்புப் பிரிவுகளும் தனி நீதிமன்றங்களும் அமைக்கப்பட்டன. ஏமாந்த பலருக்கு அங்கே முதன்முறையாகக் காது கொடுத்துக் கேட்க ஆள் கிடைத்தது; இதை மறுக்கக் கூடாது. ஆனால் நில அபகரிப்பு என்றால் என்ன என்று அரசாணை வரையறுக்கவே இல்லை. எந்தப் புகார் அபகரிப்பு, எது வெறும் சிவில் தகராறு என்பதை நிலையமே முடிவு செய்துகொள்ளலாம் என்றாகிவிட்டது. இந்த வரையறையின்மையைக் காரணம் காட்டி 2015 பிப்ரவரியில் உயர் நீதிமன்றம் அந்த அரசாணைகளை ரத்து செய்தது. அரசு உச்ச நீதிமன்றம் போனது. பிரிவுகள் பிற்பாடும் இயங்கின. போலிப் பத்திரத்தை மாவட்டப் பதிவாளரே ரத்து செய்ய வழிவகுத்த பதிவுச் சட்டத்தின் 77-ஏ பிரிவும் 2024-ல் உயர் நீதிமன்றத்தில் விழுந்தது. உரிமையைத் தீர்மானிப்பது நீதிமன்ற வேலை என்ற கொள்கை சரிதான். ஆனால் குறுக்கு வழிகள் ஒவ்வொன்றாக மூடப்படும்போது நேர்வழி அகலப்படுத்தப்படவில்லை என்பதும் உண்மை. உரிமை விளம்புகை கேட்டால் சொத்து மதிப்பைக் கணக்கிட்டுக் கட்டணம் கட்ட வேண்டும். அது 2017-ல் 7.5 சதவீதத்திலிருந்து 3 சதவீதமாகக் குறைந்தது நல்லது. என்றாலும் சிப்காட் ஓரத்து ஏக்கருக்கு மூன்று சதவீதம் என்பது மாடு கட்டிப் பிழைப்பவருக்கு எட்டாத தொகை. நிலையத்தில் மனு கொடுக்கக் கட்டணம் இல்லை. ஜனங்கள் எங்கே போவார்கள்?

நேர்வழிகள் சில இருக்கவே இருக்கின்றன. அவை நிலையத்தில் சொல்லப்படுவதில்லை என்பதே வருத்தம். நிலத் தகராறால் அமைதி குலையும் என்று போலீஸ் உண்மையாகவே அஞ்சினால், செய்ய வேண்டியது பஞ்சாயத்து அல்ல. நிர்வாக நடுவருக்கு அறிக்கை அனுப்புவது. பழைய 145, இன்றைய 164-ஆம் பிரிவு. நடுவர் உரிமைக்குள் போகாமல், தான் முதல் உத்தரவு போட்ட நாளில் அனுபவம் யாரிடம் இருந்தது என்று மட்டும் பார்ப்பார்; அறிக்கைக்கு முந்தைய இரண்டு மாதத்துக்குள் பலவந்தமாக வெளியேற்றப்பட்டவரை அனுபவத்தில் இருந்தவராகவே கருதலாம். எழுத்து, நோட்டீஸ், இரு தரப்பு வாதம் எல்லாம் அதில் உண்டு. வெளியேற்றப்பட்டவர் ஆறு மாதத்துக்குள் குறிப்பிட்ட தீர்வழிச் சட்டத்தின் 6-ஆம் பிரிவில் வழக்குப் போட்டால், உரிமை யாருடையது என்ற விவாதமே இல்லாமல் அனுபவத்தைத் திரும்பப் பெறலாம். மூன்று மாலை சமாதானத்தில் நம் அம்மா இழந்தது எண்பது சென்ட் மட்டும் அல்ல. கையெழுத்துப் போட்டு அலைந்து திரிந்த நாட்களில் இந்த இரண்டு மாதமும் ஆறு மாதமும் கரைந்திருக்கும்.

முதற்கட்ட விசாரணைக்குப் புதிய சட்டத்தின் 173(3) ஒரு வாசலைத் திறந்திருக்கிறது: டி.எஸ்.பி. அனுமதியோடு, பதினான்கு நாளுக்குள், மூன்றாண்டு முதல் ஏழாண்டுக்குக் குறைவான தண்டனை உள்ள குற்றங்களுக்கு. மனு விசாரணைக்கு இதோ சட்ட அங்கீகாரம் என்று சிலர் சொல்கிறார்கள். பிரிவுகளை எடுத்துவைத்துப் பாருங்கள். அத்துமீறி நுழைதலுக்கு மூன்று மாதம், வீட்டுக்குள் நுழைந்தால் ஓராண்டு. ஏமாற்றிச் சொத்தைக் கைமாறச் செய்ததற்கு ஏழாண்டு வரை. ஒன்று கீழே நிற்கிறது, மற்றது மேலே போய்விடுகிறது. நிலத் தகராறில் வழக்கமாக எழுதப்படும் இந்தக் குற்றங்கள் அந்த வாசலுக்குள் நுழைவதே இல்லை. ஆகவே கும்மிடிப்பூண்டியில் நடக்கும் மனு விசாரணை, புதிய சட்டம் வந்த பிறகும், பழையபடி பெயரில்லாத அறையிலேயே நடக்கிறது.

நான்கு வரியைத் தூக்கி எறியச் சொல்ல மாட்டேன். வெயிலுக்கு ஒதுங்க வேறு நிழல் இல்லாதவர்களுக்கு அது நிழல். ஆனால் அதில் மூன்று திருத்தம் வேண்டும் என்று உறுதியாக எண்ணுகிறேன், அவற்றுக்குப் புதுச் சட்டம் தேவையில்லை. முதலாவது, அழைப்பாணை பற்றிய வரியிலேயே பெண்களையும் அறுபது வயது கடந்தவர்களையும் நிலையத்துக்கு அழைக்கக் கூடாது என்று வெளிப்படையாக எழுத வேண்டும். இரண்டாவது, நாட்குறிப்புப் பதிவின் நகல் அதே நாளில் இரு தரப்புக்கும் தரப்பட வேண்டும். நிலையத்தில் எழுதி வாங்கும் எந்தச் சமாதானத் தாளும் நிலத்தின் மீதான உரிமையையோ அனுபவத்தையோ பாதிக்காது என்று அந்த நகலிலேயே அச்சிட்டிருக்க வேண்டும்.

மூன்றாவது, முடிவு. இன்றைய மனு விசாரணையில் தொடக்கம் உண்டு, முடிவு கிடையாது. மனு மூடப்பட்டதா, மறுபடி போன் வருமா என்று தெரியாமல் மாதக் கணக்கில் ஒரு குடும்பம் காத்துக் கிடக்கிறது. வாங்கியவருக்கு வேண்டியதும் அந்தக் காத்திருப்புதான். லலிதா குமாரி நெறிப்படி காலக்கெடு உண்டு. அந்தக் கெடு முடியும் நாளில், குற்றம் இருக்கிறது, வழக்குப் பதிந்தோம், எண் இது என்றோ, குற்றம் இல்லை, மனுவை இந்தக் காரணத்தால் முடித்தோம் என்றோ, இன்ஸ்பெக்டர் கையெழுத்தும் நிலைய முத்திரையும் வைத்த ஒரு தாள் அம்மாவின் கொட்டகைக்கு வந்து சேர வேண்டும். அதை எடுத்துக்கொண்டு அவர் பொன்னேரி நீதிமன்றத்துக்குப் போகட்டும்.